இடக்கை முடிச்சு

அக்டோபர் 6, திங்கள்

மனு நாள். கலெக்டர் ஆபீசில், போன மனு என்ன ஆயிற்று என்று கேட்டு இன்னொரு மனு கொடுத்துவிட்டு வந்தேன். மேசையில் இருந்த பெண் என் முகத்தைப் பார்த்ததுமே, "பன்றிதானே சார்?" என்றாள். பன்றியை வைத்தாவது என்னை அடையாளம் தெரிகிறதே. ஊரிலும் பரமார்த்தலிங்கம் என்று கேட்டால் ஒருவரும் வழி சொல்ல மாட்டார்கள். மனு லிங்கம் என்று கேட்டால் வீட்டு வாசலிலேயே கொண்டுவந்து விடுவார்கள்.

செம்பொத்தை அடிவாரத்தில் எங்கள் வாழையும் பக்கத்து மாசானத்தின் மரச்சீனிக் கிழங்கும்தான் ஊரின் கடைசிப் பயிர். அதைத் தாண்டினால் காடு. காட்டுப் பன்றிகளுக்கு முதல் பந்தி எங்கள் நிலத்தில்தான்.

அக்டோபர் 9, வியாழன்

வனவர் ஜெயசிங் வந்து பார்த்தார். நல்ல மனிதர், படித்தவர். தோண்டிப்போட்ட வாழைக் கிழங்குகளைப் படம் எடுத்துக்கொண்டார். என்னென்ன செய்யலாம், என்னென்ன கூடாது என்று வரிசையாகக் கேட்டேன்.

"சுருக்கு வைக்கலாமா?"

"கூடாதுங்க ஐயா."

"குழி?"

"கூடாது. வெடி, விஷம், மின்வேலி எதுவும் கூடாது. வன உயிரினச் சட்டப்படி எல்லாமே வேட்டைதான். எதுக்கு வச்சீங்கன்னு கோர்ட்ல கேக்க மாட்டாங்க, எது மாட்டுச்சுன்னுதான் கேப்பாங்க."

"எலிப்பொறி?"

"அதை வீட்டுக்குள்ள வைங்க" என்று சிரித்தார். பிறகு, நிலத்தைச் சுற்றிப் பழைய சேலை கட்டச் சொன்னார். மனுஷ வாடைக்கும் நிறத்துக்கும் பன்றி பயப்படுமாம்.

இதையெல்லாம் கேட்டுக்கொண்டு நின்ற என் மனைவி ஆவுடை, அவர் போன பிறகு ஒன்றே ஒன்றுதான் சொன்னாள். "நம்ம உடுத்த சேலைய அதுக்குக் குடுக்கணும். அது நம்ம சோத்தத் திங்கும். நல்ல சட்டந்தான்."

பெண்களுக்குச் சட்டத்தின் போக்கு புரிவதில்லை. சாயங்காலத்துக்குள் வரப்பு முழுக்கச் சேலை கட்டி முடித்துவிட்டாள்.

அக்டோபர் 14, செவ்வாய்

பால்காரர் இன்றும் வாசலில் நின்று சத்தம் போட்டார். மாட்டை அவிழ்க்க முடியவில்லையாம். ஆவுடை இடக்கைக்காரி. அவள் போடுகிற முடிச்சு மற்றவர்கள் போடுகிற முடிச்சுக்கு நேர் எதிராக ஓடும். வாழைக்கு முட்டுக் கட்டினாலும் சரி, மாட்டைக் கட்டினாலும் சரி, இழுக்க இழுக்க இறுகுமே ஒழிய அவிழாது. வாலைத் திரும்ப உள்ளே தள்ளி, இடப்பக்கமாக ஒரு சுண்டு சுண்ட வேண்டும். கல்யாணமான புதிதில் இதற்காக எத்தனையோ சண்டை. இப்போது என் விரல்களே பழகிக்கொண்டன. போய் அவிழ்த்துக் கொடுத்தேன்.

"உங்க வீட்டு மாட்டக் களவாங்க எவனாலயும் முடியாது அண்ணாச்சி" என்றார் பால்காரர்.

அக்டோபர் 20, திங்கள்

தீபாவளி. மனு நாள் இல்லை. ஆவுடைக்கு அரக்கு நிறத்தில் ஒரு சேலை எடுத்திருந்தேன். விரித்துப் பார்த்துவிட்டு, "இதையும் பன்னிக்குத்தான் எடுத்தீயளா?" என்றாள். சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். ஆனாலும் நான் சொன்ன பிறகுதான் அதை உடுத்தினாள்.

அக்டோபர் 26, ஞாயிறு

போயிற்று. கிழக்குப் பாத்தி முழுவதும் போயிற்று. குலை தள்ளுகிற நேரத்தில் அடியோடு தோண்டிச் சாய்த்திருக்கின்றன. சேலைகளைக் கடித்துக்கூடப் போடவில்லை, கல்யாண வீட்டுத் திரையை விலக்குவது போல விலக்கிக்கொண்டு வந்திருக்கின்றன.

இந்த வாழையை வைத்தவள் ஆவுடைதான். எனக்கு இழுப்பு நோய், குனிந்தால் மூச்சு முட்டும். கன்று சுமந்ததும் அவள்தான், தண்ணீர் பாய்ச்சியதும் அவள்தான். விழுந்து கிடந்த வாழைகளுக்கு நடுவில் உட்கார்ந்திருந்தாள். அழுவாள் என்று நினைத்தேன். அழவில்லை.

"நாளைக்கு மனு நாளுதான?" என்று கேட்டாள். ஆமாம் என்றேன்.

"போயிட்டு வாங்க" என்றாள்.

அக்டோபர் 27, திங்கள்

மனு கொடுத்துவிட்டுத் திரும்பும்போது டீக்கடையில் மாசானத்தோடு சண்டை. அவன் கிழங்கும் பாதி போய்விட்டது. நாலு பேர் நடுவில் வைத்து, "அண்ணாச்சி, பேப்பரப் பார்த்தா பன்னி பயப்படும்? ரெண்டு சுருக்கு கெட்டுனா சோலி முடிஞ்சிரும். எங்க அய்யா காலத்துல கெட்டாத சுருக்கா?" என்றான். எனக்கு ஆத்திரம் வந்துவிட்டது. "லேய், அது ஜாமீன்ல வர முடியாத குற்றம் தெரியுமா? கெட்டுனா நானே போய்ச் சொல்லுவேன்" என்று எல்லோருக்கும் கேட்கச் சொன்னேன். அவனும் விடவில்லை. "சொல்லுங்க, அதுக்கும் ஒரு மனுவாப் போட்டுருங்க" என்றான். கடையே சிரித்தது.

சின்னப் பயலில் இருந்து எனக்குத் தெரிந்தவன். வாய்தான் அப்படி. ஆவுடை காய்ச்சலில் கிடந்தபோது எங்கள் வயலுக்கும் சேர்த்து மடை திறந்துவிட்டவன்.

வீட்டில் வந்து சொன்னபோது ஆவுடை அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள். "அவன் சொன்னது நடக்கக்கூடிய காரியந்தானா?" என்று மட்டும் கேட்டாள். சட்டத்தை எடுத்துச் சொன்னேன்.

நவம்பர் 1, சனி

காயலான் கடைக்காரர் வந்தார். கொட்டகையில் துருப்பிடித்துக் கிடந்த பழைய மொபெட்டை ஒருவழியாகத் தள்ளிவிட்டேன். எல்லாவற்றையும் தடவிப் பார்த்துவிட்டு, "கிளட்ச் வயர் எங்க? கழட்டி எடுத்துட்டு எங்கிட்டத் தள்ளப் பாக்கியளா?" என்றார். நான் ஏன் கழற்றப் போகிறேன்? எந்தக் காலத்திலோ அறுந்து விழுந்திருக்கும். ஆவுடையிடம் கேட்டதற்கும் அதையேதான் சொன்னாள்.

நவம்பர் 5, புதன்

ஆவுடை இப்போதெல்லாம் விடிந்ததும் விடியாததுமாக வயலுக்குப் போய்விடுகிறாள். நானும் வருகிறேன் என்றால், பனி ஆகாது, இழுப்பு வரும் என்று தடுத்துவிடுகிறாள். என் மேல் இருக்கும் அக்கறையில் குறையே சொல்ல முடியாது. திரும்பி வரும்போது முழங்கால் வரைக்கும் நனைந்திருந்தது. "என்ன பார்த்த?" என்றேன். "பயிரத்தான்" என்றாள்.

நவம்பர் 8, சனி

பன்றி வரவில்லை. மனு வேலை செய்கிறது போலிருக்கிறது.

நவம்பர் 11, செவ்வாய்

நடந்ததை நடந்தபடி எழுத வேண்டும்.

காலையில் மாசானம் ஓடிவந்தான். ஆவுடை அப்போதுதான் வயலுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தாள். "அண்ணாச்சி, சிறுத்த! நம்ம வரப்புல சிறுத்த மாட்டிக் கெடக்கு!" என்று மூச்சு வாங்கினான். ஆவுடையின் கையில் இருந்த வாளி கீழே விழுந்தது.

போய்ப் பார்த்தேன். இரண்டு நிலத்துக்கும் நடுவில் உள்ள வரப்பில், சேலைக்கும் சேலைக்கும் இடையில் பன்றி நுழைகிற சந்து ஒன்று உண்டு. அங்கே கிடந்தது. இளம் சிறுத்தை. வயிற்றைச் சுற்றிக் கம்பி இறுகியிருந்தது. கம்பியை நைலான் கயிற்றில் கோர்த்து, மாசானத்தின் பக்கம் நிற்கிற வாகை மரத்தின் அடியில் கட்டியிருந்தது. எங்களைப் பார்த்ததும் சிறுத்தை எழுந்து துள்ளியது. துள்ளத் துள்ள இன்னும் இறுகியது. பிறகு பூனை மாதிரிக் கால்களை மடக்கி உட்கார்ந்துகொண்டு எங்களையே பார்த்தது. அந்தப் பார்வையை என்னால் தாங்க முடியவில்லை.

"அண்ணாச்சி, நான் கெட்டல. சத்தியமா நான் கெட்டல. அறுத்து விட்டுருவமா? சொல்லாம இருந்துருவமா?" என்றான் மாசானம்.

"மறைச்சாத்தான்ல குற்றம்" என்றேன். "தகவல் சொல்லுதவனுக்கு ஒரு கேடும் வராது. மடியில கனமில்லன்னா வழியில என்னல பயம்? போன் போடு. உன் போன்லயே போடு, அப்பத்தான் உனக்கு நல்லது." வனவர் எண்ணைச் சொன்னதும் நான்தான்.

வனவர் வந்தார். மருத்துவர் மயக்க ஊசியோடு வெகுதூரத்தில் இருந்து வர வேண்டும். கூட்டம் சேராமல் எங்களைத் தள்ளி நிறுத்தினார்கள். காத்திருக்கிற நேரத்தில் வனவர் கேட்டார். சுருக்கு வைப்பதாக இங்கே யாராவது பேசியது உண்டா? என்னைப் பற்றி அவருக்குத் தெரியும், பொய் சொல்ல மாட்டேன் என்று. உள்ளதைச் சொன்னேன். டீக்கடையில் மாசானம் சொன்னதை அவன் சொன்ன மாதிரியே சொன்னேன். மரம் யார் பக்கம் என்று கேட்டார். அதையும் சொன்னேன். எழுதி முடித்து வாசித்துக் காட்டினார். முதல் சாட்சியாகக் கையெழுத்துப் போட்டேன். மாசானத்தின் மாட்டுத் தொழுவத்தில் தேடியபோது அவன் அப்பா காலத்துக் கம்பிச் சுருள் ஒன்று கூரை இறவாணத்தில் இருந்து விழுந்தது. அத்தோடு அவன் பேச்சு எடுபடவில்லை.

மருத்துவர் வந்து சேர்வதற்குள் சிறுத்தை தலையைத் தரையில் வைத்துவிட்டது. மூச்சு விடுவது கொஞ்ச நேரம் தெரிந்தது. பிறகு தெரியவில்லை.

அதைத் தூக்கிய பிறகு கயிற்றை அறுக்காமல் முழுதாக எடுக்க வேண்டும் என்றார் வனவர். சாட்சிப் பொருளாம். குனிந்து அவரே முயன்றார். இழுக்க இழுக்க இறுகியது. ஒரு காவலர் பல்லால்கூடக் கடித்துப் பார்த்தார். நான் பக்கத்தில் நின்றிருந்தேன். குனிந்தேன். வாலை உள்ளே தள்ளி, இடப்பக்கம் சுண்டினேன். அவிழ்ந்துவிட்டது.

"விவசாயி கை விவசாயி கைதான் ஐயா" என்றார் வனவர்.

ஆமாம் என்றேன்.

நவம்பர் 12, புதன்

மாசானத்தை நீதிமன்றத்தில் நிறுத்தி ஜெயிலுக்குக் கொண்டுபோய்விட்டார்கள். ஆவுடை சமைக்கவில்லை. நானும் கேட்கவில்லை. மாடு நாள் பூராவும் கத்திக்கொண்டே இருந்தது.

நவம்பர் 13, வியாழன்

மழை.

நவம்பர் 17, திங்கள்

மனு நாள். போகவில்லை.

மாசானத்தின் மனைவி சொர்ணம் காலையிலேயே வந்துவிட்டாள். கண்கள் வீங்கியிருந்தன. "அண்ணாச்சி, அவிய கெட்டலண்ணு உங்களுக்குத் தெரியும்லா. ஒரு மனு எழுதிக் குடுங்க. நீங்க எழுதுனா எடுபடும்ணு ஊருல எல்லாரும் சொல்லுதாவ" என்றாள். என் மனு எடுபடும் என்று இந்த ஊரில் யாரும் சொன்னதில்லை. முதல்முதலாக ஒருத்தி நம்புகிறாள்.

எழுதிக் கொடுத்தேன். 'என் கணவர் குற்றமற்றவர்' என்ற வரியில் பேனா நின்றுவிட்டது. சட்டப்படி, இந்த வழக்கின் முதல் சாட்சி இந்த மனுவை எழுதலாமா என்று ஒரு சந்தேகம். அதனால்தான் நின்றது.

ஆவுடை அடுப்படி நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தாள். சொர்ணம் கிளம்பும்போது, "மைனி, எனக்கு ஆறுதலா ஒரு வார்த்த சொல்லுங்களேன்" என்றாள். ஆவுடை அவள் கையைப் பிடித்தாள்.

நவம்பர் 24, திங்கள்

ஆவுடை இன்று பேசினாள். அவள் சொன்னதை இதில் எழுதப் போவதில்லை. பாதியிலேயே நிறுத்தச் சொன்னேன்.

"எனக்குத் தெரியாண்டாம் ஆவுடை. நான் சாட்சி. எனக்குத் தெரிஞ்சா நான் சொல்லணும்."

"தெரியாமத்தான் அவுத்துக் குடுத்தீயளா?"

நான் எழுந்து போய் வாசல் கதவைச் சாத்தினேன்.

"நான் போயி சொல்லிருதேன். அந்தப் புள்ள மூஞ்சியப் பாக்க முடியல. பன்னிக்குத்தான... நான் சிறுத்தயக் கண்டனா?" என்றாள். பிறகு தனக்குத்தானே சொல்வது போல, "மரம் அந்தப் பக்கந்தான இருந்துச்சு. அதுக்காக அவன் தலையில விழும்ணு எனக்கு எப்படித் தெரியும்?" என்றாள்.

சட்டத்தை எடுத்துச் சொன்னேன். மூன்று வருடத்துக்குக் குறையாது, ஏழு வரைக்கும் போகலாம். இழுப்புக்காரனுக்கு ஒரு வாய் வெந்நீர் வைத்துத் தர ஆள் வேண்டாமா? மாசானம் வயசுக்காரன், தாங்குவான். வழக்கு விசாரணைக்கு வரும்போது சாட்சியம் நிற்காது, விடுதலை ஆகிவிடுவான். இப்படியெல்லாம் சொன்னேன். சொல்லிக்கொண்டே போனேன். என் குரல் எனக்கே பிடிக்கவில்லை.

"அப்ப, நீங்க போட்ட கையெழுத்து?" என்று கேட்டாள்.

அதற்குச் சட்டத்தில் வழி இருக்கிறதா என்று பார்க்க வேண்டும்.

டிசம்பர் 8, திங்கள்

ஜாமீன் மறுபடியும் தள்ளுபடி. மாசானத்தின் கிழங்கு முழுவதையும் பன்றிகள் தோண்டிவிட்டன. ஆவுடை சாயங்காலமானால் அங்கே போய்த் தகரம் தட்டுகிறாள். எங்கள் மீதி வாழையை இப்போது பார்ப்பதே இல்லை. வரப்புச் சேலைகள் நனைந்து கிழிந்து தொங்குகின்றன. எடுத்துவிடலாம் என்றேன். "அது சட்டப்படி கெட்டுனதுதான, கெடக்கட்டும்" என்றாள்.

டிசம்பர் 20, சனி

சொர்ணத்துக்குத் துணையாக ஜெயிலுக்குப் போய்வந்தேன். மாட்டேன் என்று எவ்வளவோ சொன்னேன். ஆவுடை முறுக்கும் தேங்காய் எண்ணெயும் கட்டி என் கையில் கொடுத்து வாசலில் நின்றாள். முறுக்கை உள்ளே விடவில்லை.

மாசானம் இளைத்துவிட்டான். கம்பி வலைக்கு அந்தப் பக்கம் நின்று என்னைப் பார்த்ததும் அவனுக்கு முகம் மலர்ந்துவிட்டது. என் மேல் கோபப்படுவான் என்று எதிர்பார்த்துப் போயிருந்தேன். கோபப்பட்டிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"அண்ணாச்சி, அன்னைக்கு டீக்கடைல வாய விட்டேம்லா, அதான் வென. நீங்க உள்ளதத்தான சொன்னிய, உங்கள நான் குத்தஞ் சொல்ல மாட்டேன். கோர்ட்டுக்கு வரும்போதும் உள்ளதச் சொல்லுங்க. எவன் கெட்டுனான்னு நீங்கதான் கண்டுபிடிக்கணும். நம்ம ஊருல உங்க அளவுக்குச் சட்டம் தெரிஞ்ச ஆளு யாரு இருக்கா?"

பார்க்கிறேன் என்றேன்.

"மைனி நல்லாருக்காவளா?" என்று கேட்டான்.

பேருந்தில் சொர்ணம் என் தோளில் சாய்ந்து தூங்கிவிட்டாள். வழி முழுக்க அசையாமல் உட்கார்ந்திருந்தேன்.

டிசம்பர் 21, ஞாயிறு

"என்ன சொன்னான்?" என்று ஆவுடை கேட்டாள். உன்னை விசாரித்தான் என்றேன். கொல்லைப்பக்கம் போய்விட்டாள்.

ஜனவரி 5, திங்கள்

பன்றிச் சேதம் பற்றிய என் மனுவுக்குப் பதில் வந்துவிட்டது. மேற்படி இடத்தில் வன உயிரினக் குற்ற வழக்கு நிலுவையில் உள்ளதால் கோரிக்கையைத் தற்சமயம் பரிசீலிக்க இயலாது என்று கண்டிருக்கிறது. காட்டை ஒட்டிய நிலம் என்பதால் பன்றியைச் சுடவும் வழியில்லையாம். பதில் வந்தால் ஊரெல்லாம் காட்ட வேண்டும் என்று ஒரு காலத்தில் நினைத்திருந்தேன். மடித்து அரிசிப் பானைக்கு அடியில் வைத்தேன்.

ஜனவரி 12, திங்கள்

சொர்ணம் வரவில்லை. வழக்கமாக மனு நாளில் வருகிறவள். மரச்சீனி நிலத்தை யாருக்கோ கைமாற்றிவிட்டு அம்மா வீட்டுக்குப் போகப் போகிறாளாம். பால்காரர் சொன்னார். ஆவுடை கேட்டுக்கொண்டுதான் இருந்தாள். தொழுவத்துக்குப் போனவள் நெடுநேரம் வரவில்லை. எட்டிப் பார்த்தேன். துண்டுக் கயிறு ஒன்றைத் தூணில் கட்டுகிறாள், அவிழ்க்கிறாள், மறுபடியும் கட்டுகிறாள். என்ன செய்கிறாய் என்று கேட்கவில்லை. இந்த வீட்டில் இப்போது நாங்கள் இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் ஒன்றும் கேட்பதில்லை.

ஜனவரி 15, வியாழன்

பொங்கல். பால் பொங்கியது. ஆவுடையிடம் தீபாவளிச் சேலையை உடுத்தச் சொன்னேன். சொர்ணம் ஊருக்குப் போகும்போது அவளுக்குக் கொடுத்துவிட்டாளாம்.

நீதிமன்றத்தில் இருந்து எனக்குச் சாட்சி அழைப்பு வரும் என்று வனவர் போனில் சொன்னார். "ஒண்ணும் பயப்பட வேண்டாம் ஐயா, பாத்ததைச் சொன்னா போதும்."

ஜனவரி 16, வெள்ளி

மாட்டுப் பொங்கல்.

நேற்றே ஆவுடை மாட்டுக்குப் புதுக்கயிறு மாற்றிக் கட்டியிருந்தாள். குளிப்பாட்ட ஓட்டிப் போகலாம் என்று காலையில் தொழுவத்துக்குப் போனேன். பழக்கத்தில் வாலை உள்ளே தள்ளி இடப்பக்கம் சுண்டினேன். இறுகிக்கொண்டது. இது என்னடா என்று குனிந்து பார்த்தேன்.

வலக்கை முடிச்சு. ஊரில் எல்லோரும் போடுகிற முடிச்சு. சாதாரணமாக வலப்பக்கம் இழுத்தேன். பச்சைப் பிள்ளைகூட அவிழ்த்திருக்கும்.

அப்படியே சாணியில் உட்கார்ந்துவிட்டேன். அந்த முடிச்சை எத்தனை வருடம் திட்டியிருப்பேன்! இன்றைக்கு ஒரு நாள் அது அவிழாமல் இருந்திருக்கக் கூடாதா என்று இருந்தது. ஆவுடையைப் பற்றி யாராவது என்னிடம் விசாரித்தால், அவளைப் போல முடிச்சுப் போட இந்தச் சீமையில் ஆள் கிடையாது என்றுதான் சொல்லியிருப்பேன். இனிமேல் அதைச் சொல்ல முடியாது. சொல்ல வேண்டிய அவசியமும் இல்லாமல் செய்துவிட்டாள். யார் வந்து எதைக் கட்டச் சொன்னாலும் கட்டிக் காட்டலாம். சட்டப்படி இனி ஒரு பயமும் இல்லை. நான் அழுதேன்.

ஆவுடை வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். அவளுடைய வலது உள்ளங்கை கயிறு உரசித் தோல் உரிந்து சிவந்திருந்தது.

"நேரமாச்சு. மாட்டக் குளிப்பாட்டுங்க" என்றாள்.

குளிப்பாட்டினேன். கொம்புக்கு வர்ணம் அடித்தேன். திரும்பக் கொண்டுவந்து, அவள் கட்டியிருந்தது போலவே நானும் கட்டினேன்.